உடைமையும் இரவலும்: நூலுடைமைச் சீட்டுக் கலை பற்றிய ஒரு நோக்கு

1

கலை வரலாறு எழுதுவோர் பெரும்பாலும் பெருங்கலைகளையே பேசுவர். கோபுரமும் சிற்பமும் சுவரோவியமும் அவர்தம் நூல்களிலே பெறும் இடத்தினை, உள்ளங்கையுள் அடங்கும் சிறு வடிவங்கள் பெறுவதில்லை. அத்தகைய சிறு வடிவங்களுள் ஒன்று நூலுடைமைச் சீட்டு. நூலொன்றின் முன்னட்டையின் உட்புறத்திலே, உடையவரின் பெயரையும் அவரைக் குறிக்கும் சித்திரத்தையும் தாங்கி ஒட்டப்படும் அச்சுத்தாள் அது. 'இன்னாருடைய நூல்களிலிருந்து' எனப் பொருள்படும் 'எக்ஸ் லிப்ரிஸ்' என்னும் இலத்தீன் தொடராலும் மேனாட்டவர் அதனைச் சுட்டுவர். ஐந்து நூற்றாண்டுகளுக்கு மேற்பட்ட வரலாறும், டியூறர் போன்ற பெருங்கலைஞரின் கைவண்ணமும் அதற்கு உண்டு.

இச்சீட்டினைப் பற்றி நிலவும் பொதுக் கருத்து எளிமையானது. 'இது என்னுடையது, பிறர் தீண்டற்க' என்று அறிவிக்கும் வேலி அது என்பதே அக்கருத்து. தனியுடைமை உணர்வு தலையெடுத்த ஒரு சமுதாயத்திலே, நூலும் ஒரு சொத்தாகிய காலத்தில் தோன்றிய குறி அது என்று விளக்கங் கூறுவாருமுளர். இக்கருத்தினைப் பிழையென்று தள்ளிவிடுதல் இயலாது. ஆயினும் அது முழுமையானதன்று. உடையவரின் கையைவிட்டு ஒருபோதும் நீங்காத பொருளுக்குக் குறி வேண்டுவதில்லை. வீட்டுத் தூணிலே எவரும் தம் பெயரைப் பொறித்து வைப்பதில்லை. சலவைக்குப் போகும் துணியிலேதான் குறியிடுகின்றனர். பொருள் வெளியே போகும், போயபின் திரும்பவும் வேண்டும் என்னும் எண்ணமே குறியைத் தோற்றுவிக்கின்றது. இவ்வாறு நோக்குமிடத்து, நூலுடைமைச் சீட்டு உடைமையின் சின்னமாக இருப்பதோடு, நூல் கைமாறும் என்பதற்கான ஒப்புதலாகவும் அமைகின்றது எனலாம்.

இவ்விரு தன்மைகளுக்குமிடையே உள்ள இழுபறியே இக்கலையின் வரலாறு. நூலின் பயணத்தை உணர்ந்து வரையப்பட்ட சீட்டுக்கள் கலையாகச் சிறந்தமையையும், அவ்வுணர்வை இழந்தவை ஒன்றில் வீண் பெருமையாகவோ அன்றி நூலுக்குப் புறம்பான வேறொரு கலையாகவோ மாறியமையையும் அவ்வரலாறு காட்டுகின்றது.

2

பண்டை எகிப்தை ஆண்ட மூன்றாம் அமென்ஹோதெப் மன்னனின் பெயரும் அவன் தேவியின் பெயரும் பொறித்த, மெருகூட்டிய நீலநிறச் சிறு தகடொன்று பிரித்தானிய நூதனசாலையிலே உள்ளது. கி.மு. 14ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அத்தகட்டிலே ஒரு நூலின் பெயரும் காணப்படுவதால், பப்பிரசுச் சுருள் வைத்த பேழைக்கு உரியதாக அது இருந்திருக்கலாம் என்பர். உடைமைச் சீட்டின் மூத்த உறவாக அதனைக் கொள்வாருளர். எனினும் தாளிலே அச்சிடப்பட்டு நூலில் ஒட்டப்பட்ட சீட்டின் தொடக்கத்தை 15ஆம் நூற்றாண்டு ஜேர்மனியிலேயே காண முடிகின்றது. மரவெட்டு அச்சும், பின்னர் அச்செழுத்தும் பரவிய நிலம் அது. ஒரே நூலின் பல படிகள் புழங்கத் தொடங்கியதும், 'எந்தப் படி எவருடையது?' என்னும் வினா புதிதாக எழுந்தது. கையெழுத்துப் பிரதி தன் எழுத்தாலேயே அடையாளம் பெறும். அச்சுப்படி அவ்வாறன்று, ஒன்றைப் போலவே மற்றையதும் இருக்கும். ஆகவே அச்சு ஏற்படுத்திய ஒருமைக்கு அச்சே கண்ட பரிகாரமாக உடைமைச் சீட்டு அமைந்தது.

அறியப்பட்டவற்றுள் மிகப் பழையதெனப் பலராலும் கொள்ளப்படுவது, பவேரியப் பகுதியைச் சேர்ந்த ஜோகன்னஸ் நாபென்ஸ்பேர்க் என்னும் குருவானவருடையது. ஏறத்தாழ 1450ஆம் ஆண்டளவினது எனக் கணிக்கப்படும் அம்மரவெட்டிலே, பூவொன்றை வாயிற் கவ்விய முள்ளெலி காணப்படுகின்றது. 'இக்லர்' என்பது அக்குருவானவரின் வழங்குபெயர். ஜேர்மன் மொழியில் 'இகல்' என்றால் முள்ளெலி. பெயரின் மீது எழுந்த சிலேடையே சித்திரமாயிற்று. முள்ளெலி உமக்கு முத்தந் தரட்டும் என்னும் கருத்துப்பட அமைந்த வாசகமொன்றும் அதன் மேலே உண்டு. நூலைத் திருப்பித் தராதவருக்கு முள்ளின் முத்தம் கிட்டும் என்ற எச்சரிக்கையாக அதனைப் படிக்கலாம், நகையாகவும் படிக்கலாம். இரண்டிற்கும் இடந்தருவதிலேயே அதன் நயம் உளது. இரவல் கொடுக்கும் எண்ணமே இல்லாதவருக்கு இந்நகை தோன்றியிராது.

இதனையடுத்துக் குறிப்பிடத்தக்கது, 1480ஆம் ஆண்டளவிலே பிபெராக் நகரத்து ஹில்டெபிரான்ட் பிரான்டென்பேர்க் என்பவருக்காக அச்சிடப்பட்ட சீட்டு. எருது பொறித்த கேடயத்தைத் தேவதூதர் ஒருவர் ஏந்தி நிற்கும் அச்சித்திரம் கையால் வண்ணந் தீட்டப்பட்டது. இச்சீட்டு ஒட்டப்பட்ட நூல்களை அவர் புக்ஸ்ஹைம் என்னும் இடத்துத் துறவியர் மடத்திற்கு வழங்கினார். ஆகவே அது கொடையின் குறியாகும். இங்கிலாந்திலும் இதனையொத்த நிலையையே காண்கின்றோம். அங்கு அச்சிடப்பட்ட மிகப் பழைய சீட்டுக்களுள் ஒன்று, 1574ஆம் ஆண்டிலே சேர் நிக்கலஸ் பேக்கன் கேம்பிறிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்திற்கு வழங்கிய நூல்களில் ஒட்டப்பட்டதாகும். வேலியென்று கருதப்படும் ஒரு வடிவத்தின் தொடக்க காலச் சான்றுகளுட் சில, கொடுத்துவிட்ட நூல்களிலேயே கிடைக்கின்றமை மனங்கொள்ளத்தக்கது.

இத்தொடக்க காலத்தின் உச்சமாக விளங்குவது ஆல்பிறெக்ற் டியூறர் தம் நண்பரான வில்லிபால்ட் பிர்க்ஹைமருக்கு வரைந்த மரவெட்டுச் சீட்டு. நூறம்பேர்க் நகரத்துச் செல்வக் குடியிற் பிறந்து, கிரேக்கமும் இலத்தீனும் கற்றுப் பெரும் நூற்றொகுதியொன்றைத் திரட்டியவர் பிர்க்ஹைமர். சீட்டு 16ஆம் நூற்றாண்டின் முதலாண்டுகளைச் சேர்ந்தது. அதில் இரு கேடயங்கள் உள்ளன. ஒன்றிலே பிர்க்ஹைமர் குடியின் பேர்ச் மரம். மற்றையதிலே மனைவியின் குடிச் சின்னமாகிய கடற்கன்னி. மேலே தலைக்கவசமும், இருபுறமும் குழந்தை வடிவத் தூதர்களும், கனி நிறைந்த கொம்புகளும் காணப்படுகின்றன. இறையச்சமே ஞானத்தின் தொடக்கம் என்னும் விவிலியக் கருத்து எபிரேயம், கிரேக்கம், இலத்தீன் ஆகிய மும்மொழிகளில் மேலே பொறிக்கப்பட்டுள்ளது. எல்லாவற்றிலும் முக்கியமானது, 'தனக்கும் நண்பர்க்கும்' எனப் பொருள்படும் இரு சொற்களின் இணைப்பு. பிரெஞ்சு நாட்டு ஜோன் குறோலியேயும் தம் நூல்களின் கட்டடத் தோலிலே, அவை தமக்கும் நண்பர்க்கும் உரியன என்று பொன்னெழுத்திற் பொறிப்பித்தார்.

டியூறரின் சீட்டிலே இரு குரல்கள் ஒருங்கே கேட்கின்றன. கேடயமும் கவசமும் குடிப்பெருமை பேசுகின்றன. கீழே நிற்கும் தொடரோ அப்பெருமனையின் கதவைத் திறந்து விடுகின்றது. ஆயின் அக்கதவு எவருக்குத் திறந்தது என்ற வினாவையும் எழுப்புதல் வேண்டும். மும்மொழி வாசகத்தைப் படிக்கவல்லார் அக்காலத்து ஐரோப்பாவில் எத்தனை பேர்? அவ்வாசகமே ஒருவகைப் பூட்டாகவும் தொழிற்பட்டது. மனிதநேயக் கல்வியாளர் என்று போற்றப்படும் அக்குழுவினரின் தாராளம் தம் வட்டத்தோடு நின்ற தாராளம். அவ்வெல்லையை மறைக்காது, அதற்குள் இயலக்கூடிய பகிர்வையும் கூறிவிடுவதாலேயே இச்சீட்டு ஒரு காலத்தின் உண்மையான ஆவணமாகின்றது. 1636ஆம் ஆண்டிலே பிர்க்ஹைமரின் நூற்றொகுதி ஆங்கிலப் பிரபுவான தோமஸ் ஹோவார்டுக்கு விற்கப்பட்டுக் கடல் கடந்தது. 'நண்பர்' என்ற சொல்லின் எல்லையை வரைந்தவரும் வரைவித்தவரும் எண்ணியிராத அளவுக்குக் காலம் விரித்துவிட்டது.

3

17ஆம், 18ஆம் நூற்றாண்டுகளில் உடைமைச் சீட்டு பெரிதும் குலச்சின்னத்தின் கைப்பட்டது. மரவெட்டின் இடத்தைச் செப்புத்தகட்டுச் செதுக்கல் பிடித்துக்கொண்டது. மென்மையான கோடுகளையும் நுண்ணிய நிழலையும் தரவல்ல இம்முறை, கேடயத்தைச் சூழ்ந்த அலங்காரத்திற்கு மிகவும் வாய்ப்பாயிற்று. இக்காலத்து ஆங்கிலச் சீட்டுக்களைப் பாணிகளாக வகுத்தவர் டி ரேப்லி பிரபு எனப் பின்னர் அறியப்பட்ட ஜோன் லெஸ்ரர் உவாரென். 1880ஆம் ஆண்டில் வெளிவந்த அவருடைய கையேடு இத்துறைக்கு முறையான அடித்தளமிட்டது. இருபுறமும் சமச்சீராக அமைந்து, பின்னணியிலே மீன்செதிலும் வலைப்பின்னலும் போன்ற கோலங்கொண்டது ஜக்கோபியப் பாணி. ஏறத்தாழ 1740ஆம் ஆண்டின் பின் வந்தது, தளபாட வினைஞரான சிப்பென்டேலின் பெயரால் வழங்கும் பாணி. அதிலே கேடயம் சிப்பி போல் வளைந்து, மலர்க்கொத்துக்கள் ஒருபுறமாகச் சாய்ந்து, சமச்சீர் குலைந்து நிற்கும். அந்நூற்றாண்டின் இறுதியிலே மாலையும் நாடாவும் கொண்ட அமைதியான பாணி வழக்கிற்கு வந்தது.

இப்பாணிகளின் பெயர்களே ஓர் உண்மையை உணர்த்துகின்றன. ஜக்கோபியம் அரச காலத்தின் பெயரை ஒட்டியது. சிப்பென்டேல் நாற்காலியின் பெயர். நூலோடு தொடர்புடைய பெயர் ஒன்றேனும் இல்லை. வெள்ளித் தட்டிலும் வண்டிக் கதவிலும் பொறித்த அதே கேடயமே நூலிலும் ஒட்டப்பட்டது. உடையவர் எந்தக் குடியினர் என்பதை அச்சீட்டுக் கூறும். அவர் எதனைப் படித்தார், படித்தாரா என்பதைக் கூறாது. நிலவுடைமைப் பிரபுக்களோடு வணிகத்தாற் செல்வம் பெற்ற புதியவர்களும் போட்டியிட்ட அக்காலத்திலே, குலச்சின்னம் குடிப்பிறப்பைக் காட்டியதைப் போலவே குடிப்பிறப்பு வேண்டுமென்ற ஆசையையும் காட்டியது. செதுக்கு வினைஞரின் கைத்திறன் உயர்ந்து நின்ற அதே வேளையில் கலையின் உட்பொருள் மெலிந்தது. ஹோகார்த் போன்ற சமூக அங்கத ஓவியர்கூடத் தம் இளமையிலே இத்தொழிலிற் கைவைத்தார்; அவருடைய கூரிய பார்வை அச்சீட்டுக்களிலே இடம்பெற வாய்ப்பிருக்கவில்லை.

பெருமையின் குறியாக மட்டும் நிற்கும் ஒன்றைப் போலியாக ஆக்குதலும் எளிது. அமெரிக்காவின் முதற் சனாதிபதி ஜோர்ஜ் வாஷிங்டனுடைய குலச்சின்னச் சீட்டினைப் பின்னாளிலே போலியாக அச்சிட்டு, அவருக்குத் தொடர்பில்லாத நூல்களில் ஒட்டி விலையேற்றி விற்க முயன்றனர். நூலுக்கும் வாசகனுக்கும் உள்ள உறவைச் சீட்டுக் கூறாதபோது, அதனை எந்த நூலிலும் ஒட்டிவிடலாம் என்பதற்கு இதனிலும் சிறந்த எடுத்துக்காட்டு வேண்டுவதில்லை.

இப்போக்கிலிருந்து ஒரு திருப்பத்தை ஏற்படுத்தியவர் வட இங்கிலாந்தின் நியூகாசில் நகரிலே பட்டறை வைத்திருந்த தோமஸ் பியூவிக் (1753–1828). கடினமான மரத்தின் குறுக்குவெட்டு முகத்திலே, செப்புத்தகட்டுக்குரிய கூரிய உளியாற் செதுக்கும் முறையை அவர் செம்மைப்படுத்தினார். இதனால் மரக்கட்டை நுண்கோடுகளைத் தாங்கியதோடு, அச்செழுத்துடன் ஒருங்கே அச்சேறவும் கூடியதாயிற்று. அவருடைய சீட்டுக்களிலே கேடயம் சிறுத்துவிட்டது. அது பாறையிலே சாத்தி வைக்கப்பட்டதாகவோ மரத்தடியிற் கிடப்பதாகவோ தோன்றும். பெயரும் பாறையிலே பொறித்தாற்போல் நிற்கும். சுற்றிலும் ஓடையும் புதரும் உண்டு. குடியை விடுத்து ஊரைச் சொல்லும் சீட்டு தோன்றிவிட்டது. பட்டறை வினைஞர் ஒருவர் தாம் அன்றாடம் நடந்த நிலத்தைப் பிரபுக்களின் கேடயத்திற்கருகே கொண்டுவந்து வைத்த செயல், கலை வரலாற்றிலே சிறியதாயினும் சமூக வரலாற்றிலே பொருளுடையது.

4

ஐரோப்பியச் சீட்டினை விளங்கிக்கொள்வதற்குக் கிழக்காசிய வழக்கொன்றை ஒப்புநோக்குதல் பயன்தரும். சீனத்திலும் யப்பானிலும் நூலுடையவர் தம் முத்திரையைச் செந்நிற மையில் தோய்த்து நூலிலே நேரடியாகப் பதித்தனர். ஒட்டிய சீட்டினை நீரில் நனைத்து உரித்துவிடலாம். மேலே இன்னொன்றை ஒட்டி மறைத்துவிடலாம். ஐரோப்பிய நூல்களிலே புதிய உடையவர் பழையவரின் சீட்டை மூடித் தம்முடையதை ஒட்டியமைக்குச் சான்றுகள் பல. முத்திரையோ தாளிலே ஊறிவிடும். அடுத்து வருபவர் அதனருகே தம் முத்திரையைப் பதிப்பார். சீன ஓவியச் சுருள்களிலே பல தலைமுறையினரின் முத்திரைகள் இவ்வாறு வரிசையாக நிற்பதைக் காணலாம். சியென்லுங் பேரரசரின் முத்திரைகள் சில ஓவியங்களிலே வரம்பு மீறியும் பெருகியுள்ளன. முன்னவரை அழியாது பின்னவர் சேர்வதால், பொருளின் உடைமை வரலாறு பொருளிலேயே எழுதப்பட்டு வருகின்றது. தமிழ் ஏட்டுச் சுவடிகள் பலவற்றின் இறுதியிலே, எழுதியவர் பெயரும் எழுதுவித்தவர் அல்லது உடையவர் பெயரும் எழுதி முடித்த நாளும் குறிக்கப்பட்டிருத்தலை இவ்விடத்தில் நினைத்தல் பொருந்தும். அங்கும் பெயர் ஏட்டின் உடலோடு ஒன்றாகிவிடுகின்றது.

யப்பான் பின்னர் ஒட்டுச் சீட்டினையும் ஏற்றுக்கொண்டது. பிராக் நகரிற் பிறந்த எமில் ஓர்லிக் என்னும் ஓவியர் 1900ஆம் ஆண்டு யப்பானிய மரவெட்டைக் கற்கச் சென்றிருந்த காலத்திலே, 'மியோஜோ' என்னும் இலக்கிய இதழ் அவருடைய உடைமைச் சீட்டுக்களை வெளியிட்டது. அதன் பின் யப்பானிய மரவெட்டுக் கலைஞர் பல வண்ணச் சீட்டுக்களைத் தம் மரபிற்கேற்பப் படைக்கலாயினர். ஐரோப்பிய ஓவியர் யப்பானிடம் கற்க வந்து, தாம் கொணர்ந்த சிறு வடிவத்தை அங்கே விட்டுச் சென்றார். கலைகளின் கொடுக்கல் வாங்கல் ஒருவழிப்பட்டதன்று என்பதற்கு இது நல்ல சான்று.

5

19ஆம் நூற்றாண்டின் இறுதியிலே இரு மாற்றங்கள் நிகழ்ந்தன. கல்வி பரவி, தாளும் அச்சும் மலிந்தமையால், நூல் நடுத்தர வகுப்பினரின் கைக்கு எட்டியது. குலச்சின்னம் இல்லாதவரும் உடைமைச் சீட்டு விரும்பினர். அவ்வேளையிலேயே சீட்டினை நூலிலிருந்து பிரித்துச் சேகரிக்கும் வழக்கமும் எழுந்தது. 1891ஆம் ஆண்டிலே இலண்டனிலும் பேர்லினிலும் இதற்கென்றே சங்கங்கள் அமைக்கப்பட்டன. 1897ஆம் ஆண்டில் மறைந்த ஒகஸ்ரஸ் ஃபிராங்ஸ் தம் பெருந்தொகுதியைப் பிரித்தானிய நூதனசாலைக்கு விட்டுச் சென்றார். அத்தொகுதியின் விவரப்பட்டியல் மூன்று பெரும் பகுதிகளாக வெளிவந்து ஆய்வாளருக்கு இன்றியமையாத துணையாயிற்று. ஆயின் இச்சேகரிப்பிற்குக் கொடுத்த விலையும் ஒன்றுண்டு. எந்த நூலில் எந்தச் சீட்டு இருந்தது என்ற செய்தி, சீட்டு உரிக்கப்பட்ட கணத்திலேயே பல வேளைகளில் மறைந்துபோயிற்று.

முதல் மாற்றத்தால் விளைந்தது தனிமனிதச் சித்திரம். குடியை விட்டு ஆளைக் கூறும் சீட்டு இப்போது சாத்தியமாயிற்று. உளப்பகுப்பாய்வை நிறுவிய சிக்மண்ட் பிராய்டின் சீட்டிலே, வியன்னா ஓவியர் பேர்தோல்ட் லோஃப்லர் ஸ்பிங்ஸின் முன் நிற்கும் ஈடிப்பசை வரைந்தார். உடையவரின் வாழ்நாட் சிந்தனை முழுவதும் அவ்வொரு காட்சியிற் செறிந்துள்ளது. ஜக் லண்டனின் சீட்டிலே ஓநாய் முகம் நோக்குகின்றது. றட்யார்ட் கிப்ளிங்கிற்கு அவர் தந்தை லொக்வுட் கிப்ளிங் வரைந்ததிலே, யானைமேல் அம்பாரியில் அமர்ந்து ஒருவர் நூல் வாசிக்கின்றார். கோடுகளிலே நகையும் நயமும் உண்டு. எனினும் வாசிப்பவரின் ஓய்வைச் சுமந்து செல்வது அவ்யானையே. குடியேற்ற ஆட்சியின் கல்வி யாருடைய முதுகின் மீது அமர்ந்திருந்தது என்பதை ஓவியர் கருதினாரோ இல்லையோ, காண்பவர் அதனைக் கருதாதிருத்தல் அரிது. சிறு சித்திரமும் தன் காலத்திற்குச் சாட்சி சொல்லாது தப்புவதில்லை.

நாடகக் கலைஞரான கோர்டன் கிறெய்க் வேறொரு வழியிற் சென்றார். மரத்திலே செதுக்கிய ஓரிரு எழுத்துக்களும் சில தடித்த கோடுகளுமே அவருடைய பல சீட்டுக்களின் முழு உள்ளடக்கம். எழுத்தையே சித்திரமாக்கும் இப்போக்கு எரிக் கில்லிடமும் (1882–1940), அவரையடுத்து றெனோல்ட்ஸ் ஸ்ரோனிடமும் (1909–1979) முதிர்ச்சி பெற்றது. கில் என்பவர் ஆனந்த குமாரசுவாமியின் 'விசுவகர்மா' (1914) என்னும் தொகுப்பிற்கு முன்னுரை எழுதியவர். கைவினைஞனையும் கலைஞனையும் பிரித்து நோக்குதல் தவறு என்ற கருத்திலே இருவரும் ஒன்றுபட்டவர்கள். ஸ்ரோனின் சீட்டுக்களிலே பெயரைச் சூழ்ந்து கொடிபோல் ஓடும் கோடுகளைத் தவிரப் பெரும்பாலும் வேறொன்றும் இல்லை. நூல் எழுத்தால் ஆனது. அதனுள் நுழையும் வாயிலிலும் எழுத்தே நிற்கட்டும் என்னும் தெளிவு அவற்றில் உண்டு. நூலை அடுத்துத் தன் அளவை அறிந்து அடங்கி நிற்கும் இவ்வமைதியை, இக்கலையின் முதிர்ந்த நிலைகளுள் ஒன்றெனக் கொள்ளலாம்.

பொதுமக்களை நோக்கிய முயற்சியும் இக்காலத்திலே தோன்றியது. 1926ஆம் ஆண்டிலே அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்தில் தொடங்கிய அன்ரியோக் நிறுவனம், பெயருக்குரிய இடம் வெறுமையாக விடப்பட்ட சீட்டுக்களை மலிவாக அச்சிட்டு விற்றது. றொக்வெல் கென்ற் போன்ற புகழ்பெற்ற ஓவியரின் சித்திரங்களும் இவ்வாறு பரவின. வாங்கியவர் தம் பெயரைத் தாமே எழுதிக்கொண்டார். கலையின் தனித்துவம் இதனாற் கெட்டதென்று குறைகூறுவோர், பெயரெழுதிய பள்ளி மாணவனுக்கு அது முதன்முறையாகத் 'தன் நூல்' ஆகியதை எண்ணுவதில்லை.

இரண்டாம் மாற்றமோ இன்றுவரை தொடர்கின்றது. சேகரிப்போர் தம் பெயரிற் சீட்டுக்களை வரைவித்துத் தமக்குள்ளே பரிமாறிக்கொள்கின்றனர். 1966ஆம் ஆண்டிலே அமைந்த சர்வதேசக் கூட்டமைப்பு இவர்களது மாநாடுகளை ஒழுங்குசெய்து வருகின்றது. சோவியத் நாட்டின் ஃபவோர்ஸ்கி, கலாஷ்னிகோவ் முதலியோரின் மரச்செதுக்கல்கள் இவ்வலையமைப்பினாலேயே பிறநாட்டவர் கையை எளிதில் எட்டின என்பதை மறத்தலாகாது. எனினும் இவற்றுட் பல எந்த நூலிலும் ஒட்டப்படாதவை. அளவு பெருத்து, நூலின் அட்டைக்குள் அடங்காதவையும் உள. ஓவியன் கையொப்பமிட்டு இலக்கமிட்ட அத்தாள்கள் சிற்றளவு ஓவியங்களாகச் சிறந்திருக்கலாம். உடைமைச் சீட்டின் அளவுகோலால் அவற்றை மதிப்பிட முடியாது. நூலை இழந்த நூற்குறி எதன் குறி என்ற வினாவிற்கு அவற்றிடம் விடையில்லை.

6

அவ்வினாவிற்கு வரலாறு தானே ஒரு விடையளித்தது. 1940ஆம் ஆண்டு முதல், நாசிக் கட்சித் தலைவர்களுள் ஒருவரான றோசன்பேர்க்கின் பெயரால் இயங்கிய படைப்பிரிவு, ஜேர்மனி கைப்பற்றிய நாடுகளிலே யூதருடைய நூலகங்களையும் வீட்டு நூற்றொகுதிகளையும் முறையாகக் கொள்ளையிட்டது. போர் முடிந்தபின் அமெரிக்கப் படையினர் இந்நூல்களை ஒன்றுசேர்த்து, 1946ஆம் ஆண்டில் பிராங்பேர்ட்டுக்கு அண்மையிலுள்ள ஒஃபன்பாக் நகரிற் களஞ்சியமொன்றைத் திறந்தனர். ஏறத்தாழ 30 இலட்சம் நூல்களும் ஆவணங்களும் அதன் வழியாகச் சென்றன. அவற்றின் மொழிகள் பல. வகைப்படுத்திய பணியாளருட் பலர் எபிரேய எழுத்துக்களை அறியாதவர்கள்.

களஞ்சியத்தின் பொறுப்பை ஏற்ற ஐசாக் பென்கோவிற்ஸ் தொழிலால் இரசாயனவியலாளர். நூல்களிற் காணப்பட்ட உடைமைச் சீட்டுக்களையும் முத்திரைகளையும் அவர் ஒளிப்படமெடுப்பித்தார். பணியாளர் ஒவ்வொருவரும் சில குறிகளை மட்டும் மனத்திற் பதித்துக்கொண்டு, தம் முன்னே வரும் நூல்களில் அவற்றைத் தேடினர். மொழி அறியாதவரும் வடிவத்தால் இனங்கண்டனர். விளக்கும், சிங்கமும், திறந்த நூலும், ஒரு பெயரின் முதலெழுத்துக்களும் இவ்வாறு சாட்சிகளாயின. ஆயிரக்கணக்கான குறிகளின் படங்கள் தொகுதிகளாகக் கட்டப்பட்டன. பெருந்தொகையான நூல்கள் அவை வந்த நாடுகளுக்கும் நிறுவனங்களுக்கும் திரும்பின.

இச்செய்தியிலே கலைத் திறனாய்வாளர் கவனிக்கவேண்டியது ஒன்றுண்டு. சித்திரம் சொல்லுக்குத் துணையென்றும் அலங்காரமென்றும் கருதப்பட்டு வந்தது. ஒஃபன்பாக்கிலே சொல் ஊமையாக நின்ற இடத்திற் சித்திரமே பேசிற்று. ஒருவரை ஏனையோரிலிருந்து பிரித்துக் காட்டும்படி அதனை வரைந்த பெயரறியா வினைஞரின் கோடுகள், அவர் எண்ணியிராத நீதிமன்றத்திலே சான்று பகர்ந்தன. அதே காலத்து ஹிட்லரின் நூல்களிலும் உடைமைச் சீட்டு இருந்தது. கழுகும் சுவஸ்திகமும் கொண்ட அது அரச முத்திரையைப் போன்றது. படிப்பவன் ஒருவன் அதன் பின்னே உளன் என்பதற்கான அடையாளம் எதுவும் அதில் இல்லை.

உடையவரோ உரித்தாளரோ எவரும் எஞ்சாத நூல்கள் பல இருந்தன. ஏறத்தாழ ஐந்து இலட்சம் நூல்களை யூத பண்பாட்டு மீளமைப்பு நிறுவனம் பொறுப்பேற்று, இஸ்ரேல், அமெரிக்கா முதலிய நாடுகளின் நூலகங்களுக்குப் பகிர்ந்தளித்தது. அதன் நிருவாகச் செயலாளராகப் பணியாற்றியவர் அரசியற் சிந்தனையாளரான ஹன்னா ஆரென்ட். பகிர்ந்தளிக்கப்பட்ட நூல்களிலே அந்நிறுவனத்தின் சீட்டொன்று ஒட்டப்பட்டது. அதிலே குலச்சின்னமில்லை, தனிமனிதர் பெயருமில்லை. இந்நூலுக்கு உடையவர் ஒருவர் இருந்தார் என்பதே அதன் செய்தி. பெயரே இல்லாத ஓர் உடைமைச் சீட்டு, ஐந்து நூற்றாண்டு மரபிலே மிகக் கனத்த பொருளைத் தாங்கி நிற்கின்றது. மீட்புப் பணியும் முற்றுப்பெற்று விடவில்லை. 1998ஆம் ஆண்டு வாஷிங்டனில் வகுக்கப்பட்ட நெறிமுறைகளின் பின், ஜேர்மன் நூலகங்கள் தம் அடுக்குகளிலுள்ள நூல்களின் சீட்டுக்களையும் கையொப்பங்களையும் ஆராய்ந்து, உரித்தாளரைத் தேடிக் கொடுத்து வருகின்றன.

7

இவற்றைத் தொகுத்து நோக்குமிடத்து உடைமைச் சீட்டினை மதிப்பிடுவதற்கு ஓர் அளவுகோல் கிடைக்கின்றது. செதுக்கலின் நுட்பமோ வண்ணத்தின் செழுமையோ அதற்குப் போதா. தான் ஒரு நூலினுள் இருப்பதையும், அந்நூல் ஒரு கையினின்று மறு கைக்குப் போகும் என்பதையும், உடையவர் இல்லாத காலத்திலும் அவருக்காகப் பேசவேண்டி நேரலாம் என்பதையும் அச்சீட்டு உணர்ந்துள்ளதா என்பதே கேட்கவேண்டிய வினா. இவ்வினாவிற்கு முள்ளெலி விடைசொல்கின்றது. டியூறரின் சீட்டும் பியூவிக்கின் ஓடைக்கரையும் ஸ்ரோனின் எழுத்துக்களும் விடைசொல்கின்றன. அலங்காரத்தால் நிறைந்த கேடயங்கள் பல மௌனம் சாதிக்கின்றன.

ஒஃபன்பாக்கிலே நூல்கள் எஞ்சின; உடையவர் எஞ்சவில்லை. 1981ஆம் ஆண்டு யூன் முதலாந் திகதிக்கு முந்திய இரவிலே தீயிடப்பட்ட யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் நிலைமை மறுதலையானது. ஏறத்தாழ 97,000 நூல்களும் கிடைத்தற்கரிய சுவடிகளும் சாம்பராயின. அவற்றுக்கு உரிய வாசகர் எஞ்சி நின்றனர். எரிந்த தாளோடு அதிலிட்ட முத்திரையும் எரிந்துவிடுகின்றது. கொள்ளைபோன நூலைத் தேடிக் கண்டுகொள்ளலாம், எரிந்த நூலைக் காட்டித்தர எக்குறிக்கும் வலுவில்லை. எந்த நூலகம் தீக்கிரையாயினும், அன்று இரவலாக வெளியே சென்றிருந்த நூல் மட்டுமே பிழைக்கும். 'தனக்கும் நண்பர்க்கும்' என்ற பழந்தொடரிலே, பூட்டி வைத்தவனைவிடக் கொடுத்து வைத்தவனிடமே நூல் நிலைத்து வாழும் என்னும் உண்மையும் அடங்கியுள்ளது. நூலில் ஒட்டப்படும் அச்சிறு தாள் திரும்பி வருவதற்கான முகவரி. வெளியே செல்லாத ஒன்றுக்கு முகவரி வேண்டுவதில்லை.